ரோடா பென்னாக் ஆட்டத்தை விட்டுப் போன மத்தியானம்

ஸ்டேட்டன் தீவு, நியூயார்க்
18 ஜூன் 1894

மதிப்புக்குரிய மிஸ் பென்னாக் அவர்களுக்கு,

இந்தக் கடிதத்தை எழுதுவதும் கிழிப்பதுமாக ஒரு வாரம் போய்விட்டது. முதலில் உங்கள் உடம்பு எப்படி இருக்கிறது என்று விசாரிக்க வேண்டும், அதுதான் முறை. ஆனால் நீங்கள் சௌக்கியம் என்று பதில் வந்தால் எனக்குக் குழப்பம் கூடுமே தவிரக் குறையாது.

அன்று டென்னிஸ் ஆட்டத்தில் நடந்ததை நான் பார்த்தபடி எழுதுகிறேன். தப்பிருந்தால் திருத்துங்கள். மூன்று செட் முடிந்து உங்களுக்கு இரண்டு, எனக்கு ஒன்று. நாலாவது செட்டில் நாலுக்கு ஒன்று என்று நீங்கள் முன்னால் இருந்தீர்கள். அந்த செட்டை முடித்திருந்தால் தொடர்ந்து மூன்றாவது வருஷம் உங்கள் வெற்றி. கோப்பையே உங்களுக்குச் சொந்தமாகியிருக்கும். புல்தரையைச் சுற்றி உட்கார்ந்திருந்த எல்லாருக்கும் அது தெரியும். எனக்கும் தெரியும். தோற்றுவிட்டு எப்படிச் சிரிப்பது என்று யோசிக்க ஆரம்பித்துவிட்டேன்.

உங்கள் சர்வீஸ். பந்தைக் கையில் எடுத்தீர்கள். மேலே எறியவில்லை. சந்தையில் ஆப்பிள் வாங்குகிறவர்கள் திருப்பித் திருப்பிப் பார்ப்பார்களே, அப்படிப் பார்த்தீர்கள். பிறகு குனிந்து அதைப் புல்லில் வைத்துவிட்டு வலைக்குப் பக்கத்தில் வந்து என்னிடம், "என்னை மன்னிச்சிடு. நான் போறேன்" என்றீர்கள். நடுவருக்கும் கை கொடுத்தீர்கள். போய்விட்டீர்கள். கிளப் தாழ்வாரத்தில் நீங்கள் எலுமிச்சைச் சாறு குடித்துக்கொண்டிருந்ததை என் அம்மா கண்ணால் பார்த்திருக்கிறாள்.

நடுவர் உயர நாற்காலியிலிருந்து இறங்கினார், மறுபடி ஏறினார், மறுபடி இறங்கினார். கடைசியில் நான் ஜெயித்ததாகச் சொன்னார். இரண்டு பேர் கை தட்டினார்கள். ஒருத்தி என் அம்மா.

நான் ஏதாவது செய்துவிட்டேனா? பந்தை அடிக்கும்போது எனக்குத் தெரியாமல் தொண்டையிலிருந்து ஒரு சத்தம் வரும். அது பிடிக்கவில்லையா? அறிமுகம் இல்லாத என்னை 'நீ' என்று சொல்கிற அளவுக்குக் கோபமா? கோப்பை எங்கள் வீட்டுக்கு வந்துவிட்டது. வருகிறவர்களுக்கெல்லாம் அம்மா எடுத்துக் காட்டுகிறாள். அந்த நேரங்களில் நான் மாடிக்குப் போய்விடுகிறேன்.

ஏன் போனீர்கள் என்று ஒரு வரி எழுதினால் போதும்.

தங்கள் உண்மையுள்ள,
கார்னீலியா வான் டைன்

*

ஜெர்மன்டவுன், பிலடெல்பியா
9 ஜூலை 1894

அன்புள்ள கார்னீலியா வான் டைன்,

உன் கடிதம் கிடைத்தது. கடவுள் முன்னால் எல்லாரும் சமம் என்பதால் எங்கள் சபைக்காரர்கள் யாரையும் 'நீங்கள்' என்று சொல்வதில்லை. கவர்னர் அப்பாவின் விதைக் கடைக்கு வந்தபோது அப்பா அவரிடமும், "நீ உட்கார், நாற்காலி கொண்டுவரச் சொல்றேன்" என்றுதான் சொன்னார். எனக்கும் வாயில் அதுதான் வரும். கோபம் இல்லை. உன் தொண்டைச் சத்தமும் காரணம் இல்லை. அது எனக்குப் பிடிக்கும்.

நீ கேட்ட ஒரு வரி என்னிடம் இல்லை. இதை நீ நம்ப வேண்டும். ஏன் போனேன் என்று எனக்குத் தெரியாது.

காரணம் தெரிந்தவர்கள் இங்கே நிறையப் பேர் இருக்கிறார்கள். இருதயம் பலவீனம் என்று டாக்டர் என்னைப் படுக்க வைத்துவிட்டார். மாட்டிறைச்சிச் சாறு தவிர வேறு எதுவும் தரக்கூடாதாம். நான் யாரையோ நினைத்து உருகுவதாக ஃபீபி அத்தை சொல்கிறாள், அந்த ஆள் யார் என்று சமையல்காரியிடம் விசாரிக்கவும் செய்கிறாள். பத்திரிகைக்காரர் வெயில் என்று எழுதினார். அன்று ஆற்றுக் காற்றில் நீ சால்வை போர்த்திக்கொண்டு நின்றது எனக்கு ஞாபகம் இருக்கிறது. விளையாட்டின் வீண் பெருமையை நான் உணர்ந்து விலகிவிட்டதாகச் சபையில் சந்தோஷப்படுகிறார்கள். ஒவ்வொன்றையும் கேட்கும்போது இருக்கலாம் என்று படுகிறது. மறுநாள் காலையில் இல்லை என்று படுகிறது.

எனக்கு இந்த ஆட்டம் பிடிக்காமல் போய்விட்டதா என்றும் யோசித்தேன். எனக்குப் பதினாலு வயதானபோது என் அண்ணன் ஜோசையா இங்கிலாந்திலிருந்து ஒரு பெட்டி கொண்டுவந்தான். அதில் வலையும் கம்புகளும் நாலு மட்டைகளும் இருந்தன. வீட்டுக்குப் பின்னால் இருக்கும் புல்வெளியில் கட்டினோம். பெண்கள் எல்லாரும் கீழேயிருந்து பந்தைத் தட்டிக் கொடுக்கிற காலம். நான் ஜோசையாவைப் பார்த்து மேலே எறிந்து ஓங்கி அடிக்கப் பழகினேன். முதல் போட்டியில் அப்படி அடித்தபோது ஒரு அம்மாள், "பென்னாக் வீட்டுப் பொண்ணு கோழி விரட்டுதா?" என்று எல்லாருக்கும் கேட்கும்படி கேட்டாள். ஜெயித்தேன். பரிசு ஒரு வெள்ளிச் சீப்பு. அதற்குப் பிறகு ஒவ்வொரு கோடையும் ஏதாவது ஒரு ஊரில் ஆடினேன். நீளப் பாவாடை காலைத் தட்டும், கச்சு மூச்சைப் பிடிக்கும், அப்படியும் பந்து மட்டையின் நடுவில் படும்போது வருகிற சத்தத்துக்காகவே ஆடினேன். அந்த ஆசை போய்விட்டது என்று சொன்னால் பொய். நேற்றுப் படுக்கையில் இருந்தபடியே மணிக்கட்டைத் திருப்பிப் பார்த்துக்கொண்டிருந்தேன். மாட்டிறைச்சிச் சாறு கொட்டிவிட்டது.

கோப்பை உன்னுடையது. மாடிக்குப் போகாதே.

உன் நலம் விரும்பும்
ரோடா பென்னாக்

*

ஸ்டேட்டன் தீவு
20 செப்டம்பர் 1894

அன்பு ரோடா,

உன் வழியிலேயே நானும் 'நீ' என்று எழுதிவிட்டேன். அம்மா பார்த்தால் அடிப்பாள்.

கோடை எனக்கு நல்லபடியாகப் போகவில்லை. கடற்கரை ஊர் ஒன்றில் ஆகஸ்ட் போட்டிக்குப் போனேன். இரண்டாவது சுற்றிலேயே தோற்றேன். அது பரவாயில்லை. தேநீர் மேஜையில் ஒரு அம்மாள் என்னை ஏற இறங்கப் பார்த்துவிட்டு, "ஓ, நீங்கதானா அது? அந்தப் பொண்ணு பாவம் பாத்து விட்டுட்டுப் போச்சே" என்றாள். சுற்றி இருந்தவர்கள் எல்லாரும் கேக்கைப் பார்த்தார்கள். நீ பாவம் பார்த்தாயா இல்லையா என்று உனக்கே தெரியாதபோது நான் எப்படி இல்லை என்பது?

போட்டிக் குழுச் செயலாளர் மிஸ்டர் ஸ்டிரிக்லர் இங்கே வந்திருந்தார். தலை நிறைய எண்ணெய் தடவி, பேசும்போது பைக்கடிகாரச் சங்கிலியை உருட்டிக்கொண்டே இருப்பாரே, அவர்தான். அன்று நீ எப்படி இருந்தாய் என்று கேட்டார். பார்த்ததைச் சொன்னேன். முகம் வெளுத்திருந்தது என்றேன். உடனே எழுதிக்கொண்டார்.

ஒரு நல்ல செய்தி. வெண்டல் காய்ட் என்று ஒருவர் கப்பல் கம்பெனியில் இருக்கிறார். ஞாயிற்றுக்கிழமைகளில் எங்கள் வீட்டில் சாப்பிடுகிறார். சிப்பி வறுவலை அம்மா அவருக்கு மட்டும் இரண்டாம் தடவை பரிமாறுகிறாள். மற்றதை நீயே ஊகித்துக்கொள்.

ரோடா, எனக்கு ஒரே ஆசை. கோப்பையை வைத்திருக்கிறவள் சுற்றுகளில் ஆட வேண்டியதில்லை. சும்மா உட்கார்ந்து, எல்லாரையும் ஜெயித்து வருகிறவளுக்காகக் காத்திருக்க வேண்டியதுதான். அடுத்த ஜூனில் எல்லாரையும் ஜெயித்துவிட்டு நீ வா. நம் ஆட்டத்தை முடிப்போம். கோப்பையை நீயே எடுத்துக்கொண்டு போனாலும் சரி.

உன்
கார்னீலியா

*

ஜெர்மன்டவுன்
15 நவம்பர் 1894

அன்பு கார்னீலியா,

ஸ்டிரிக்லர் இங்கேயும் வந்தார். அவர் சங்கிலியை உருட்டுவதை அப்பா அதிசயமாகப் பார்த்துக்கொண்டிருந்தார்.

குழு ஒரு தாள் அனுப்பியிருக்கிறது. ஐந்து செட் ஆட்டம் பெண்களின் உடம்புக்குத் தாங்காது என்பதை என் அனுபவத்திலேயே உணர்ந்தேன், அன்று களைப்பினால்தான் வெளியேறினேன் என்று எழுதியிருக்கிறது. நான் கையெழுத்துப் போட்டால் என்மேல் இரக்கப்பட்டு அடுத்த வருஷம் சேர்த்துக்கொள்வார்கள். இனிமேல் பெண்களுக்கு மூன்று செட்தான் என்றும் ஆக்கிவிடுவார்கள். போடாவிட்டால், காரணமில்லாமல் ஆட்டத்தையும் நடுவரையும் அவமதித்தவள் என்று என்னை அடுத்த ஜூனுக்குச் சேர்க்க மாட்டார்கள்.

அவர் பேச்சை அப்படியே எழுதுகிறேன்.

"களைப்பா இருந்துச்சா?"

"இல்லை."

"தலை சுத்துச்சா?"

"இல்லை."

"பின்னே எதுக்கும்மா போனீங்க?"

"தெரியலை."

"தெரியலைன்னு நான் எழுத முடியாதே. தெரியலைங்கிறது ஒரு காரணமா?"

அவர் கேட்டது நியாயம்தான். அவரிடம் எனக்குக் கோபம் வரவில்லை. பாவம், தாள் முழுக்க எழுதிவிட்டு கையெழுத்துக்கான இடத்தை மட்டும் காலியாக வைத்துக்கொண்டு ரயிலேறி வந்திருக்கிறார். அந்த இடத்தில் போடுவதற்கு என்னிடம் எதுவும் இல்லை.

அவர் போனதும் அப்பாவிடம் என்ன செய்வது என்று கேட்டேன். அப்பா கிளாடியோலஸ் பூச்செடிக் கிழங்குகளைத் தரம் பிரித்துக்கொண்டிருந்தார். நிமிரவில்லை. "உனக்குத் தெரியாததைத் தெரியும்னு சொல்லாதே. அதுக்கு மேல நான் ஒண்ணும் சொல்ல மாட்டேன்" என்றார். அடுத்த கிழங்கை எடுத்தார்.

என் முகம் வெளுத்திருந்தது என்று நீ சொன்னது அந்தத் தாளில் முதல் வரியாக இருக்கிறது. உன்மேல் வருத்தம் இல்லை என்று எழுத நினைத்தேன். கொஞ்சம் இருக்கிறது.

ரோடா

*

ஸ்டேட்டன் தீவு
6 ஜனவரி 1895

அன்பு ரோடா,

புத்தாண்டு உனக்கு நல்லதாக அமையட்டும். எனக்கு அது சண்டையுடன்தான் பிறந்திருக்கிறது.

உன் முகம் எப்போதுமே வெளுப்புதான் என்பதை இப்போதுதான் யோசித்துப் பார்க்கிறேன். நீ ஜெயித்துக் கோப்பை வாங்குகிற படத்திலும் வெளுப்பாகத்தான் இருக்கிறாய். இதை ஸ்டிரிக்லருக்கு எழுதினேன். என் கருத்துக்கு நன்றி என்று ஒரு வரி வந்தது.

வெண்டலுக்கும் எனக்கும் அக்டோபரில் கல்யாணம். நீ கட்டாயம் வர வேண்டும். கல்யாணத்துக்குப் பிறகு போட்டிகள் வேண்டாம் என்கிறார். வீட்டு முற்றத்தில் விருந்தாளிகளோடு ஆடலாமாம். கோப்பைதான் கையில் இருக்கிறதே, இதற்கு மேல் என்ன வேண்டும் என்று கேட்கிறார். ஜெயிக்காத கோப்பை வீட்டில் இருப்பது எப்படி இருக்கும் என்று கப்பல் கம்பெனிக்காரருக்கு எப்படிப் புரியவைப்பது?

ஆக எனக்கு இந்த ஒரு ஜூன்தான். நீ வராவிட்டால் வேறு யாரையாவது ஜெயிப்பேன், அல்லது தோற்பேன். இரண்டிலும் எனக்கு ஒன்றும் இல்லை. நாலுக்கு ஒன்று என்ற இடத்தில்தான் நான் இன்னும் நிற்கிறேன், நீ வைத்துவிட்டுப் போன பந்தைப் பார்த்துக்கொண்டு.

கையெழுத்துப் போட்டுவிடு. ஒரு வரிதானே. களைப்பு என்று இருந்துவிட்டால் யாருக்கு நஷ்டம்? ஒருவேளை நிஜமாகவே களைத்திருந்து உனக்கே தெரியாமல் இருந்திருக்கலாமே. உனக்காக இல்லாவிட்டால் எனக்காகப் போடு. உன்னிடம் இவ்வளவு கெஞ்சி இதுவரை எதுவும் கேட்டதில்லை.

உன்
கார்னீலியா

*

ஜெர்மன்டவுன்
11 பிப்ரவரி 1895

அன்பு கார்னீலியா,

உன் கல்யாணச் செய்தி அறிந்து இங்கே எல்லாருக்கும் மகிழ்ச்சி. ஃபீபி அத்தை படுக்கை விரிப்பு ஒன்று தைக்க ஆரம்பித்துவிட்டாள். உன்னை அவள் பார்த்ததே இல்லை.

தாளைக் கையெழுத்துப் போடாமலே திருப்பி அனுப்பிவிட்டேன். நீ கேட்ட பிறகு இரண்டு தடவை பேனாவை எடுத்தேன். அதைக் கீழே வைத்தது பொய் சொல்லப் பயந்து மட்டும் இல்லை. நான் ஒருத்தி போடுகிற கையெழுத்தால் எல்லாப் பெண்களுக்கும் இரண்டு செட் போய்விடும். எனக்குக் கால் வலித்தது என்றால் நான் உட்காரலாம். மற்றவர்களுக்கும் நாற்காலியை இழுத்துப்போட்டு உட்காரச் சொல்ல எனக்கு என்ன உரிமை?

ஞாயிற்றுக்கிழமை எங்கள் கூடுகையில் பேச்சு கிடையாது, பாட்டு கிடையாது. யாருக்காவது சொல்லத் தோன்றினால் எழுந்து சொல்லலாம், இல்லாவிட்டால் மௌனம். இந்தக் குளிர்காலம் முழுக்க அந்த மௌனத்தில் உட்கார்ந்து அந்த மத்தியானத்தையே பார்த்தேன். ஒன்று கிடைத்தது. சொல்கிறேன்.

நாலுக்கு ஒன்று என்று நடுவர் சொன்னபோது, மீதி எல்லாம் எனக்கு முன்பே தெரிந்துவிட்டது போல இருந்தது. நீ எங்கே அடிப்பாய், நான் எங்கே நிற்பேன், யார் கோப்பையைக் கொடுப்பார், வீட்டில் அத்தை என்ன சொல்வாள், எல்லாம். ஏற்கெனவே முடிந்துபோனதை எதற்கு ஆடிக்கொண்டிருக்கிறோம் என்று பட்டது. அவ்வளவுதான். எழுதும்போது இது சரி போலிருக்கிறது. ஆனால் அதற்கு முந்தின இரண்டு வருஷமும் அப்படித்தான் தெரிந்தது. அப்போது நான் போகவில்லையே. இதுவும் டாக்டர் சொன்னது மாதிரி, அத்தை சொன்னது மாதிரி இன்னொன்றாக இருக்கலாம்.

குழு வேண்டாம், நடுவர் வேண்டாம். மே மாதம் புல் நன்றாக இருக்கும். இங்கே வா. ஐந்து செட் ஆடுவோம். நான் பாதியில் போக மாட்டேன்.

உன்
ரோடா

*

ஸ்டேட்டன் தீவு
14 மே 1895

ரோடா,

உன் வீட்டில் எல்லாரும் காட்டிய அன்புக்கு முதலில் நன்றி. உன் அப்பா கொடுத்த பட்டாணி விதைகளை விதைத்துவிட்டோம். அத்தையின் மீன் வறுவலைப் பற்றி அம்மாவிடம் சொல்லிச் சொல்லி அவளுக்குக் கோபம் வந்துவிட்டது.

ஐந்தாவது செட்டில் ஆறுக்கு நாலு என்று நான் ஜெயித்தபோது உன் புல்வெளியில் குதித்தேன், ஞாபகம் இருக்கிறதா? படகில் வரும்போதும் சிரித்துக்கொண்டே வந்தேன். பக்கத்தில் இருந்தவர் இடம் மாறி உட்கார்ந்தார். வீட்டுக்கு வந்து தொப்பியைக் கழற்றும்போதுதான் அந்தக் கடைசிப் பந்து மனதில் வந்தது. நான் அடித்தது மோசமான அடி. பந்து உன் இடுப்பு உயரத்துக்கு எழும்பி, வலைக்கு முன்னால், அடி என்று சொல்லி நின்றது. நீ எப்போதும் தவற விடாத பந்து. அதை நீ வலையில் அடித்தாய்.

அந்த இடத்திலேயே எனக்கு ஏதோ தட்டியிருக்கிறது போலும். உன் கையைப் பிடித்தபோது நான் சிரித்த சிரிப்பு எனக்கே முழுசாக இல்லை.

விட்டுக்கொடுத்தாயா? என் ஆசையைப் பார்த்து, கல்யாணத்துக்கு முன் இருக்கட்டும் என்று விட்டுவிட்டாயா? இனி அந்தக் கோப்பைக்கு நீ வரப் போவதில்லை. உன்னைச் சேர்க்கவில்லை, இறுதி ஆட்டம் மூன்று செட் என்றும் முடிவாகிவிட்டது. நான் சொன்ன 'முகம் வெளுத்திருந்தது' அவர்கள் அறிக்கையில் அச்சாகி இருக்கிறது. அதனால் உண்மையை நீ எனக்குச் சொல்வதில் யாருக்கும் கெடுதல் இல்லை. தயவுசெய்து சொல். இரண்டாவது தடவையும் நீ கொடுத்து நான் வாங்கியதாக இருக்க எனக்குப் பொறுக்காது.

கார்னீலியா

*

ஜெர்மன்டவுன்
20 மே 1895

கார்னீலியா,

விட்டுக்கொடுக்கவில்லை. கை நடுங்கியது. ஐந்தாவது செட்டில் அப்படித்தான் நடுங்கும். நீ என்னை ஓட வைத்திருந்தாய். தோற்றேன்.

நீ இதை நம்ப மாட்டாய் என்பது உன் கடிதத்திலேயே தெரிகிறது. ஜெயிக்க வேண்டிய ஆட்டத்தை விட்டுவிட்டு வந்தவள் அதற்கப்புறம் நியாயமாகத் தோற்கக்கூட முடியாது என்று எனக்கு யாரும் சொல்லவில்லை. இனி எந்த ஊரில் யாரிடம் தோற்றாலும் இப்படித்தான் என் முகத்தைப் பார்ப்பார்கள். அதை நீயே முதலில் செய்வாய் என்று நினைக்கவில்லை.

மட்டையைத் துணியில் சுற்றி வைத்துவிட்டேன். கொஞ்ச நாள் எழுத வேண்டாம்.

உன் ஆட்டம் நல்லபடியாக நடக்கட்டும்.

ரோடா பென்னாக்

*

ஸ்டேட்டன் தீவு
17 ஜூன் 1895

அன்பு ரோடா,

எழுத வேண்டாம் என்றாய். இந்த ஒன்றை மட்டும் படித்துவிடு. பதில் வேண்டாம்.

எல்லாரையும் ஜெயித்து வந்தவள் ஒட்டிலி பிரான்ட். நீ பார்த்ததில்லை. நெவார்க்கில் பீர் காய்ச்சுகிறவர் மகள். நல்ல தோள், நல்ல வாய். இரண்டே செட்டில் அவளை ஜெயித்தேன். ஆறுக்கு மூன்று, ஆறுக்கு நாலு. நடுவர் ஆட்டம் முடிந்தது என்று சொன்னார். எல்லாரும் குடையை எடுத்துக்கொண்டு எழுந்தார்கள். ஸ்டிரிக்லர் கோப்பை மேஜைக்குப் போனார்.

எனக்கு மூச்சுக்கூட வாங்கவில்லை. அவளுக்கும்தான். இருவரும் வலையருகே நின்றோம். கை கொடுப்பதற்குப் பதிலாக நான் என்ன சொன்னேன் தெரியுமா? "இன்னும் ஆடலாமா?" என்றேன். ஏன் கேட்டேன் என்று தெரியாது. முந்தின நிமிஷம்வரை அப்படி ஒரு எண்ணமே இல்லை.

"எதுக்கு?" என்றாள்.

"அஞ்சு செட் ஆகட்டும்."

அவள் என்னைப் பார்த்தாள். சட்டைக் கையை முழங்கைக்கு மேலே தள்ளிக்கொண்டாள். "சரி, வாங்க. எனக்கும் பசி இல்லே."

ஆட ஆரம்பித்துவிட்டோம். புள்ளிகளை நாங்களே சொல்லிக்கொண்டோம். நடுவர் ஒரு காலை ஏணியில் வைத்தபடி நின்றார், ஏறுவதா வேண்டாமா என்று தெரியாமல். ஸ்டிரிக்லர் ஓடிவந்து வலையை அவிழ்க்கும்படி ஃபீனியிடம் சொன்னார். புல்தரையைப் பார்த்துக்கொள்கிற அந்த அயர்லாந்துக்காரரை உனக்குத் தெரியுமே. அவர் கம்புக்குப் பக்கத்தில் போய்க் கயிற்றில் கையை வைத்துக்கொண்டு நின்றார். "இந்தப் பந்து முடியட்டும் சார்" என்றார். அந்தப் பந்து முடிந்தது. அடுத்தது ஆரம்பித்தது. "இதும் முடியட்டும் சார்." மூன்றாவது செட் முழுக்க அவர் அதையே சொன்னார். நாலாவது செட்டில் ஸ்டிரிக்லர் கேட்பதை விட்டுவிட்டார். எழுந்தவர்கள் திரும்பி உட்கார்ந்துவிட்டார்கள். மயக்கம் போட்டது ஒரே ஒருவர்தான்: ஸ்டிரிக்லரின் மைத்துனர், தொப்பியில்லாமல் வெயிலில் உட்கார்ந்திருந்தவர்.

அந்த மூன்று செட்டையும் ஒட்டிலிதான் ஜெயித்தாள். ஏழுக்கு ஐந்து, ஆறுக்கு இரண்டு, ஆறுக்கு நாலு. நான் விடவில்லை, ரோடா. ஒவ்வொரு பந்துக்கும் ஓடினேன். பாவாடை ஓரம் கிழிந்து தொங்கியது. கடைசியில் அவள் அடித்தது எனக்கு எட்டவில்லை. அவ்வளவுதான்.

இப்போது யார் ஜெயித்தது? குழுவின் கணக்கில் நான். பழைய விதிப்படி அவள். எனக்கு எது என்று கேட்டால் தெரியவில்லை. கோப்பையை எடுத்துக்கொள் என்று அவளிடம் சொன்னேன். வேண்டாம் என்றாள். "முடிஞ்ச ஆட்டத்துக்கு அப்புறம் நீங்க நெசமாவே ஆடினீங்களா?" என்று கேட்டாள்.

"ஆடினேன்."

"விட்டுக் குடுக்கலையே?"

"இல்லை. நீங்க ஜெயிச்சீங்க."

அவள் சிரித்தாள். மரியாதையான சிரிப்பு. நம்பவில்லை. நான் இன்னொரு தடவை சொன்னேன். சொல்லச் சொல்ல அவளுக்குச் சந்தேகம் கூடியது. ஓடி ஓடித் தோற்றவள் நான், கிழிந்த பாவாடையோடு நிற்கிறேன், அதை நம்ப வைக்க என்னிடம் ஒன்றுமே இல்லை. மே மாதம் உன் புல்வெளியில் நீ எப்படி நின்றிருப்பாய் என்று அப்போது தெரிந்தது.

வெண்டல் என் சால்வையைக் கையில் வைத்துக்கொண்டு ஐந்து செட்டும் இருந்தார். வண்டியில் அதை மடித்து மடியில் வைத்துக்கொண்டார். பிறகு, "கல்யாணத்துக்கு அப்புறம் இதெல்லாம் விட்டுடுறதா சொன்னியே?" என்றார். "நான் சொல்லலை. நீங்கதான் சொன்னீங்க" என்றேன். யோசித்துவிட்டு, ஆமாம் என்றார். அக்டோபர் அப்படியேதான் இருக்கிறது. அதற்குப் பிறகு என்ன என்று இருவருக்கும் தெரியாது.

மே மாதம் நீ தோற்றாய். நான் ஜெயித்தேன். நீ சொன்ன அன்றே இதை நம்பியிருக்க வேண்டும். இப்போது நம்புகிறேன், முழுசாக. நீ ஏன் அன்று போனாய் என்று இனி கேட்க மாட்டேன்.

உன்
கார்னீலியா

*

ஜெர்மன்டவுன்
2 ஜூலை 1895

அன்பு கார்னீலியா,

உன் கடிதத்தை அப்பாவுக்கும் அத்தைக்கும் சாப்பாட்டு மேஜையில் வாசித்துக் காட்டினேன். ஃபீனி பேசுகிற இடம் வந்தபோது அப்பா சிரித்தார். அவர் மேஜையில் சிரித்து நான் பார்த்ததில்லை.

குழுவிடமிருந்து ஒரு தகவல் வந்திருக்கிறது. அடுத்த வருஷம் நான் பெயர் கொடுக்கலாமாம். தாள் எதிலும் கையெழுத்து வேண்டாமாம். என்ன காரணம் என்று எழுதவில்லை. மூன்று செட் விதி அப்படியேதான் இருக்கிறது. நான் கொடுப்பேனா என்று எனக்குத் தெரியாது. அத்தை கொடுக்க வேண்டும் என்கிறாள், சபையில் கூடாது என்கிறார்கள். நான் இருவருக்கும் தலையாட்டிக்கொண்டிருக்கிறேன்.

நீ முழுசாக நம்புகிறேன் என்று எழுதிய வரியைப் பல தடவை படித்தேன். சில நேரம் நானும் நம்புகிறேன். சில நேரம் அந்தப் பந்தை ஏன் வலையில் அடித்தேன் என்று எனக்கே சந்தேகம் வருகிறது. ஆனால் அதைப் பற்றி இனி உனக்கு எழுத மாட்டேன். போதும்.

நீ சொன்னாயே, உன்னைத் தேநீர் மேஜையில் உட்கார வைத்துப் பேசிய அந்தக் கடற்கரை ஊர்? அங்கே ஆகஸ்டில் இரட்டையர் போட்டியும் உண்டு. உன்னைக் கேட்காமல் நம் இருவர் பெயரையும் கொடுத்துவிட்டேன். எதிரெதிரே நின்றது போதும் என்று தோன்றியது. வெண்டல் காய்ட்டும் வரட்டும், சால்வை பிடிக்க ஆள் வேண்டும். ஒட்டிலி பிரான்ட் அவள் தங்கையோடு ஆடப் போகிறாளாம். நமக்கு எதிராக வந்தாலும் வருவாள். அவளிடம் தோற்றால் இரண்டு பேரும் சேர்ந்து தோற்போம்.

மட்டையைத் துணியிலிருந்து எடுத்துவிட்டேன். அதன் நரம்பு ஒன்று தளர்ந்திருக்கிறது, கட்டக் கொடுத்திருக்கிறேன். முதல் சர்வீஸ் நீ போடு. என்னுடையது இப்போது எங்கே போகிறது என்று சொல்ல முடியவில்லை.

உன்
ரோடா